நழுவும் கூட்டுக்கோண மின்வாள்

வெள்ளவத்தையிலிருந்து காலி வீதியில் தெற்கே சென்றால் மரத்தளபாடங்களுக்குப் பெயர்பெற்ற மொறட்டுவையை அடையலாம். சட்டம், கதவுநிலை போன்றவற்றைச் செய்ய மரத்தைத் திருத்தமான கோணத்தில் வெட்டவேண்டும். இதற்கு உதவும் கருவியே இம்மின்வாளாகும்.

சிறப்பியல்புகள்
1. மேசை இடம், வலமாகத் திரும்பும். இதனால் கிடைக்கோண வெட்டுப் பெறப்படும்.
2. அலகு சரியும். இதனால் சாய்கோண வெட்டுப் பெறப்படும். இவ்விரண்டும் ஒரே வெட்டில் சேர்வதே கூட்டுவெட்டு.
3. தலைப்பகுதி தண்டுகளில் முன்பின்னாக நழுவும். எனவே 190 மி.மீ. அளவான சிறிய அலகாலும் அகன்ற பலகையை வெட்டலாம்.

பயன்படுத்தல்
பாதுகாப்புக் கண்ணாடி அணிக. மரத்தை இறுகப் பிடிக்கச் செய்க. தலையை முன்னே இழுத்து, இயக்கி, கீழிறக்கி, பின்னோக்கித் தள்ளி வெட்டுக. இழுத்தபடி வெட்டினால் அலகு மரத்தின்மீது ஏறி உங்களை நோக்கிப் பாயலாம்.

பராமரிப்பு
• முதலில் செருகியைக் கழற்றுக.
• தண்டுகளிலுள்ள மரத்தூளையும் அலகில் ஒட்டிய பிசினையும் அகற்றுக.
• காவலுறை தானாக மூடுகின்றதா எனப் பார்க்க.
• 90° இல் ஒரு பலகையை வெட்டி, ஒரு துண்டை மறித்து மற்றையதுடன் பொருத்துக. தெரியும் இடைவெளி வழுவின் இருமடங்காகும்.

சிந்திக்க: சதுரச் சட்டமொன்றில் 45° வெட்டுகள் எட்டு உள்ளன. ஒவ்வொன்றும் 1° பிழைத்தால், மூன்று மூலைகளை இறுகப் பொருத்தியபின் நான்காவதில் 8° இடைவெளி தோன்றும். ஆகவே வெட்டுமுன் சரிபார்த்தல் அவசியம்.