கைரேகை தேய்ந்தவர்களின் கருவிழி

திருவண்ணாமலை மாவட்டத்துச் சிற்றூர்களில் மல்லாட்டை பறித்தும் கரும்பு வெட்டியும் செங்கல் சூளையில் உழைத்தும் தேய்ந்த விரல்களை நியாயவிலைக் கடைக் கருவியில் வைத்தால், ‘ரேகை விழவில்லை’ என்பதே பல நேரங்களில் பதிலாகிறது. தமிழ்நாட்டின் நியாயவிலைக் கடைகளுக்குக் கருவிழிச் சரிபார்ப்பு வந்ததற்கு இதுவே காரணம். ஆதார் எடுத்தபோதே பத்து விரல்களோடு இரு கருவிழிகளும் பதிவாகிவிட்டதால் புதிதாக எதையும் திரட்ட வேண்டியிருக்கவில்லை.

கருவிழி என்பது கண்பாவையைச் சூழ்ந்து நின்று, உள்ளே செல்லும் ஒளியைக் கூட்டிக் குறைக்கும் தசை வளையம். கருவின் மூன்றாம் மாதம் தொடங்கி எட்டாம் மாதத்துக்குள் உருவாகிவிடும் இதன் இழையமைப்பில் வியப்பானது ஒன்று உண்டு: நிறத்தை மரபணு தீர்மானிக்கிறது, நுண்வடிவத்தையோ பெரும்பாலும் தற்செயலே தீர்மானிக்கிறது. ஆகவே ஒரே கருவில் பிறந்த இரட்டையருக்கும், ஏன், ஒருவருடைய இடக்கண்ணுக்கும் வலக்கண்ணுக்குமேகூட, அது ஒத்துப்போவதில்லை. நம்மவர் கண்களில் மெலனின் என்னும் நிறமி மிகுதியாதலால் சாதாரண வெளிச்சத்தில் வெறும் கருமையே தெரியும். கருவி பாய்ச்சும் அகச்சிவப்பு ஒளியை அந்த நிறமி அவ்வளவாக உறிஞ்சாததால், அண்ணாமலையின் சரிவில் மழைக்குப் பின் புலப்படும் ஓடைத் தடங்களைப் போல, பள்ளங்களும் இழைகளும் துலங்கிவிடுகின்றன.

கேம்பிரிட்ஜ் அறிஞர் ஜான் டாக்மன் 1994இல் காப்புரிமை பெற்ற முறை, இவ்வடிவத்தை 2048 இருமக் குறிகளாக, அதாவது பூஜ்யமும் ஒன்றுமாக, மாற்றுகிறது. வெவ்வேறு கண்களின் குறிகள் ஏறத்தாழப் பாதி இடங்களில் மாறுபடும். வேறுபாடு மூன்றில் ஒரு பங்குக்கும் குறைந்தால் இரண்டும் ஒரே கண் என்று கருவி முடிவு செய்கிறது.

இத்தனை நுட்பத்தையும் ஏமாற்ற முடியும். 2017இல் ஜெர்மனியின் கேயாஸ் கம்ப்யூட்டர் கிளப், அச்சிட்ட கண் படத்தின்மேல் கான்டாக்ட் லென்ஸ் ஒன்றை வைத்தே சாம்சங் கேலக்ஸி எஸ்8 கைபேசியைத் திறந்து காட்டியது. களவுபோன கடவுச்சொல்லை மாற்றிக்கொள்ளலாம், கருவிழியை மாற்ற முடியாது. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றம் 2017 ஆகஸ்ட் 24 அன்று தீர்ப்பளித்தது. கைரேகையையும் கருவிழியையும் எவருடனும் பகிரக் கூடாது என்று 2016ஆம் ஆண்டின் ஆதார் சட்டமும் விதிக்கிறது. அரிசிக்காகக் கண்ணைக் காட்டுவதில் நியாயம் உண்டு. வருகைப் பதிவேட்டுக்கும் அதையே கேட்பது பொறுப்பற்ற செயல். கருவி ஏற்க மறுத்தாலும், அதைக் காட்டி முதியவர் ஒருவரை வெறும் பையோடு திருப்பி அனுப்புவது எவ்வகையிலும் ஏற்கத்தக்கதன்று.

ஆதார் செயலியில் கைரேகையையும் கருவிழியையும் பூட்டி வைக்கவும், தேவைப்படும்போது திறந்துகொள்ளவும் வசதி உள்ளது. அதைப் பயன்படுத்த ஆதாரோடு கைபேசி எண் இணைந்திருக்க வேண்டும்.