ஐந்நூறு காசுக் கைமுதல்: கணினி விளையாட்டில் ஒரு வியாபாரக் கணக்கு

பள்ளி விட்டு வரும் பிள்ளைகள் கடைப்பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை, எந்நேரமும் விளையாட்டிலேயே மூழ்கிக் கிடக்கிறார்கள் என்று நமது அங்கத்தினர் பலரும் குறைப்பட்டுக்கொள்கிறார்கள். அந்தக் குறையில் நியாயம் உண்டு. ஆனாலும் பிள்ளைகள் ஆடும் விளையாட்டு இன்னதென்று தெரிந்துகொண்டு பேசுவதே பெரியவர்களுக்கு அழகு. சுடுவதும் வெட்டுவதுமே எல்லாமாக இல்லாத விளையாட்டுகளும் இருக்கின்றன. அவற்றுள் ஒன்று கொள்முதல், விற்பனை, கையிருப்பு, பருவம் என்று நம் தொழிலையே சுற்றிச் சுற்றி வருகிறது. பேரப்பிள்ளைகள் ஆடும்போது பக்கத்தில் அமர்ந்து அதன் வரவு செலவைக் குறித்து வைத்தோம். வணிகப் பெருமக்களுக்குப் பயன்படும் என்பதால் இங்கே எழுதுகிறோம்.

அதன் பெயர் ஸ்டார்டியூ வேலி. அமெரிக்காவில் சியாட்டில் நகரைச் சேர்ந்த எரிக் பரோன் என்ற இளைஞர், படம், இசை, கதை, கணினி வேலை எல்லாவற்றையும் நான்கு ஆண்டுகளுக்கு மேல் தனி ஒருவராகச் செய்து 2016 பிப்ரவரி 26 அன்று வெளியிட்டார். அந்நாட்களில் ஓர் அரங்கில் பகுதிநேர வேலை பார்த்துக்கொண்டே இதைச் செய்தவர். 2024 இறுதிக்குள் 4 கோடிக்கும் மேற்பட்ட பிரதிகள் விற்றுவிட்டன. ஒற்றை ஆள் கடை உலகச் சந்தைக்குப் போன கதை இது.

விளையாட்டின் அமைப்பு

நகரத்து அலுவலக வேலை வெறுத்துப் போன ஒருவருக்குத் தாத்தா விட்டுச் சென்ற பழைய பண்ணை கிடைக்கிறது. ஊர் பெயர் பெலிகன் டவுன். பண்ணை முழுதும் கல்லும் கட்டையும் புதரும். கையில் 500 காசு. ஊர்த்தலைவர் அன்பளிப்பாக 15 பார்ஸ்னிப் விதை தருகிறார். பார்ஸ்னிப் என்பது வெள்ளைக் கேரட் போன்ற ஒரு கிழங்கு. கைமுதல் இவ்வளவுதான்.

ஆண்டுக்கு நான்கு பருவங்கள்; ஒவ்வொன்றும் 28 நாள். பருவம் முடிந்தால், அடுத்த பருவத்துக்கு ஒவ்வாத பயிர் ஒரே இரவில் பட்டுப்போகும். நாள் காலை 6 மணிக்குத் தொடங்கும். பின்னிரவு 2 மணிக்குள் வீடு வந்து படுக்காவிட்டால் மயங்கி விழுந்து, கையிலுள்ள பணத்தில் ஒரு பங்கு போய்விடும். உடல் பலத்துக்கும் அளவு உண்டு: தொடக்கத்தில் 270 புள்ளி. ஒரு குழிக்கு ஒரு முறை தண்ணீர் ஊற்ற 2 புள்ளி செலவாகும். ஆக முதல், ஆள்பலம், நாள் மூன்றுமே அளவோடு இருக்கின்றன. நம் கடைகளில் மட்டும் என்ன, வேறா?

முதல் கேள்வி: எதை வாங்குவது?

ஊரின் பலசரக்குக் கடைக்காரர் பியர் என்பவர். வசந்தப் பருவத்தில் அவரிடம் விதை விலையும், விளைந்தபின் கிடைக்கும் விலையும் இவை:

பார்ஸ்னிப்: விதை 20, விற்பனை 35, விளைய 4 நாள்.
உருளைக்கிழங்கு: விதை 50, விற்பனை 80, விளைய 6 நாள். சில சமயம் ஒரு செடியில் கூடுதலாக ஒரு கிழங்கு கிடைக்கும்.
கேல் கீரை: விதை 70, விற்பனை 110, விளைய 6 நாள்.
காலிஃபிளவர்: விதை 80, விற்பனை 175, விளைய 12 நாள்.

புதிதாக ஆடும் பிள்ளைகள் காலிஃபிளவரில் 95 காசு லாபம் நிற்பதைப் பார்த்து அதிலேயே பணத்தைப் போடுகிறார்கள். தொழிலுக்குப் புதிதாக வந்தவர் செய்வதும் இதுவே. எடைக்கு எடை லாபம் அதிகம் நிற்கும் சரக்கை அடுக்கிவிட்டு, அது நகரும்வரை கல்லாவைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

கணக்கைப் போட்டுப் பாருங்கள். அன்பளிப்பு விதையைத் தனியே வைத்துவிட்டு 500 காசை மட்டும் எடுத்துக்கொள்வோம். காலிஃபிளவர் என்றால் 6 விதை, 480 காசு. பன்னிரண்டாம் நாள் முடிவில் 1,050 வரும். மீதி 20 சேர்த்து 1,070. பார்ஸ்னிப் என்றால் 25 விதை. நான்கு நாளில் 875. அதை மறுபடி 43 விதையாகப் போட்டால் எட்டு நாளில், மீதியும் சேர்த்து, 1,520. அதை 76 விதையாகப் போட்டால் பன்னிரண்டு நாளில் 2,660. ஒரு கிழங்குக்கு 15 காசு மட்டுமே லாபம் தரும் சரக்கு, 95 காசு தரும் சரக்கை ஏறத்தாழ இரண்டரை மடங்கு தாண்டிப் போகிறது. காரணம், அதே பணம் மூன்று முறை புரண்டது. கைமுதல் சிறுத்திருக்கும்போது லாப விகிதத்தைவிடப் பணம் திரும்பும் நாளே முக்கியம் என்று நம் பெரியவர்கள் சொல்லிவந்ததை இந்த விளையாட்டு நான்கு நாளில் கண்ணெதிரே காட்டிவிடுகிறது.

இரண்டாம் கேள்வி: எது நமக்குப் பற்றாக்குறை?

அப்படியானால் எப்போதும் பார்ஸ்னிப்தானா? இல்லை. 76 குழிக்குத் தினமும் தண்ணீர் ஊற்ற 152 புள்ளி பலம் போகும். அதற்கு மேலும் பெருக்கி 2,660 காசுக்கும் விதை வாங்கினால் 133 குழி. தண்ணீர் ஊற்றவே 266 புள்ளி. பலம் முழுதும் அதிலேயே தீர்ந்துவிடும். மீன் பிடிக்கவோ சுரங்கத்துக்குப் போகவோ தெம்பு இராது. இப்போது பற்றாக்குறை பணத்தில் இல்லை, ஆள்பலத்தில்.

இந்த இடத்தில் கணக்கு தலைகீழாக மாறுகிறது. ஒரு குழிக்குப் பன்னிரண்டு நாள் தண்ணீர் ஊற்றினால் பார்ஸ்னிப் மூன்று அறுவடையில் 45 காசு லாபம் தரும். உருளை இரண்டு அறுவடையில் 60. கேல் 80. காலிஃபிளவர் ஒரே அறுவடையில் 95. உழைப்பு ஒன்றுதான், லாபம் இரண்டு மடங்குக்கு மேல். ஆகவே பணம் குறைவாக இருக்கும்போது பணத்தின் மேல் கணக்குப் பார்க்க வேண்டும். பணம் பெருகி, இடமும் ஆளும் போதாமல் போகும்போது இடத்தின் மேலும் ஆளின் மேலும் கணக்குப் பார்க்க வேண்டும்.

சிறு மளிகைக் கடைக்கு இது மிகவும் பொருந்தும். கடை தொடங்கிய ஆண்டில் பருப்பு, சர்க்கரை, எண்ணெய் போன்ற ஓடும் சரக்கில்தான் முதலைப் புரட்ட வேண்டும். கடை நிலைத்து, அலமாரி நிறைந்து, இனி ஒரு மூட்டை வைக்கவும் இடமில்லை என்ற நிலை வந்ததும், ஒவ்வோர் அடி இடமும் மாதம் எவ்வளவு தருகிறது என்று கேட்க வேண்டும். பத்து வருடம் கழித்தும் முதல் வருடக் கணக்கையே போட்டுக்கொண்டிருப்பவர் உழைப்பார், வளரமாட்டார்.

மூன்றாம் கேள்வி: பணம் எந்த நாளில் கைக்கு வரும்?

வசந்தம் 13ஆம் நாள் ஊரில் முட்டைத் திருவிழா. அன்று பியர் போடும் கடையில் மட்டும் ஸ்ட்ராபெரி விதை கிடைக்கும். விலை 100 காசு. எட்டு நாளில் காய்த்து, பிறகு நான்கு நாளுக்கு ஒருமுறை மறுபடி காய்க்கும். பழம் ஒன்று 120 காசு. 13 முதல் 16ஆம் நாளுக்குள் நட்டுவிட்டால் பருவம் முடிவதற்குள் இரண்டு அறுவடை. ஒரு செடிக்கு 240 வரவு, 140 லாபம். அந்தப் பருவத்தில் மேலே சொன்ன எல்லாப் பயிரையும்விட நல்ல சரக்கு இதுவே.

ஆனால் முதல் நாள் நட்ட பார்ஸ்னிப் 5ஆம் நாள் விளையும். அடுத்தது 9ஆம் நாள். மூன்றாவது 13ஆம் நாள். அன்று ஊர்க் கடை அடைப்பு. பண்ணையில் உள்ள விற்பனைப் பெட்டியில் போட்டால் பணம் மறுநாள் காலைதான் வரும். அதற்குள் திருவிழாக் கடை கலைந்துவிடும். தோட்டம் நிறைய விளைச்சல் இருந்தும் கையில் காசில்லாமல் நிற்க வேண்டிவரும். எனவே கணக்குத் தெரிந்தவர் 9ஆம் நாள் வந்த 1,520 காசில் மறுபடி விதை வாங்காமல், அதை அப்படியே முடிந்து வைத்துக்கொண்டு, இடையில் மீன் பிடித்துச் செலவைப் பார்த்துக்கொள்கிறார். 13ஆம் நாள் 15 ஸ்ட்ராபெரி விதை வாங்குகிறார். இரண்டு அறுவடையில் 3,600 காசு. நான்கு நாள் சும்மா இருந்த பணம் வீண்பட்ட பணம் அல்ல. தீபாவளிக்கு முன் ரொக்கம் திரட்டி வைத்திருப்பவருக்குத்தான் மண்டியில் நல்ல சரக்கு நல்ல விலையில் கிடைக்கும் என்பது நமக்குத் தெரியாததா?

இன்னொரு நுட்பமும் உண்டு. பியர் கடைக்குப் புதன்கிழமை விடுமுறை. 9ஆம் நாள் செவ்வாய். அன்று பெட்டியில் போட்டவருக்குப் பணம் புதன் காலை வரும், கடை திறந்திராது. வியாழன் வரை காத்திருக்க வேண்டும். நேரே கடைக்குக் கொண்டுபோய் விற்றால் அதே விலை, அன்றே ரொக்கம். லாரி வரும் நாளும் வங்கி விடுமுறையும் பார்த்துப் பட்டுவாடா செய்யும் நமக்கு இது புதிதல்ல. பிள்ளைகள் இதை விளையாட்டில் கற்றுக்கொள்வது நல்லதே.

முதலில்லாத வருமானம்

இரண்டாம் நாள் கடற்கரையில் வில்லி என்ற மீனவர் ஒரு மூங்கில் தூண்டிலை இலவசமாகத் தருகிறார். மீனுக்கு விதைச் செலவு இல்லை. காட்டோரம் தானாக முளைத்த கீரை, பூ, கிழங்கு பொறுக்கினாலும் காசு உண்டு; ஒரு லீக் தண்டு 60 காசு போகிறது, ஒரு பார்ஸ்னிப்பைவிட அதிகம். முதல் வாரத்தில் இந்தக் காசையும் விதையில் போட்டவரின் பண்ணைதான் வேகமாக வளர்கிறது. மழை பெய்யும் நாளில் தண்ணீர் ஊற்ற வேண்டாம். அன்று மிச்சமாகும் பலத்தை மீனிலோ சுரங்கத்திலோ செலவிட வேண்டும். வியாபாரம் மந்தமான நாளில் இருப்பு சரிபார்ப்பதும் பாக்கி வசூலுக்குப் போவதும் போல.

எல்லாவற்றையும் விற்றுத் தீர்ப்பதும் கூடாது. ஊரின் பழைய சமுதாயக் கூடத்தைப் புதுப்பிக்கப் பல பயிர்களில் ஒவ்வொன்று கேட்கப்படும். கடைசிக் கிழங்கையும் விற்றுவிட்டால் பெரும்பாலும் அடுத்த வசந்தம் வரை காத்திருக்க வேண்டியதுதான்.

சரக்கை மாற்றி விற்பது

பிறகு ஊறுகாய்ச் சாடி செய்யும் வித்தை கிடைக்கிறது. அதில் போட்ட காய்க்கு, விலையின் இரண்டு மடங்கோடு 50 காசு சேர்த்துக் கிடைக்கும். 35 காசுப் பார்ஸ்னிப் 120 ஆகிறது; மூன்று மடங்குக்கு மேல். 175 காசுக் காலிஃபிளவர் 400 ஆகிறது; இரண்டேகால் மடங்குதான். சாடிக்குள் போகும் காய் முதல்தரமா மூன்றாம்தரமா என்பதற்கு வித்தியாசமே இல்லை. ஆகவே தங்கத் தரக் காயை ஒன்றரை மடங்கு விலைக்கு அப்படியே விற்று, சாதாரணக் காயைச் சாடியில் போடுவது புத்தி. உடைந்த முந்திரியையும் சிறுத்த மாங்காயையும் என்ன செய்வது என்று அறிந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

பியர் கடையும் ஜோஜா மார்ட்டும்

அந்த ஊரில் ஜோஜா மார்ட் என்று ஒரு பெரிய நிறுவனத்தின் அங்காடியும் இருக்கிறது. வாரம் ஏழு நாளும் இரவு 11 வரை திறந்திருக்கும். அதன் மேலாளர் ஒருநாள் பியர் கடைக்குள்ளேயே வந்து பாதி விலைச் சலுகைச் சீட்டைக் கொடுக்கிறார். நின்றிருந்த வாடிக்கையாளர்கள் அவர் பின்னே போகிறார்கள். அந்தக் காட்சியை நாமும் பார்த்தோம். சொல்ல வேறொன்றும் இல்லை.

ஆனால் விதை வாங்கப் போனால், பியரிடம் 20 காசுக்குக் கிடைக்கும் பார்ஸ்னிப் விதை, உறுப்பினர் அட்டை இல்லாதவருக்கு அங்கே 25 காசு. சலுகைச் சீட்டைப் பார்ப்பவர்கள் அன்றாட விலையைப் பார்ப்பதில்லை. 5,000 காசு கட்டி உறுப்பினரானால் ஊர்ச் சமுதாயக் கூடம் ஜோஜாவின் கிடங்காக மாறிவிடும். மாறாக, ஊரார்க்காக ஆடுபவர் கூடத்தைப் புதுப்பித்து முடித்தால் ஜோஜா மார்ட் மூடப்படும். இரண்டு வழியும் திறந்தே இருக்கிறது. தேர்வு ஆடுபவர் கையில். நம் ஊரிலும் அது வாங்குபவர் கையில்தான் இருக்கிறது. பியரைப் போலப் புதன்கிழமை கதவடைத்துவிட்டு வாடிக்கையாளரைக் குறைசொல்வதில் பயனில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

விளையாட்டில் இல்லாதவை

ஒன்றை மறக்கக் கூடாது. அந்த ஊரில் கடன் கேட்பவர் இல்லை, வாடகை இல்லை, வரிக் கணக்கு இல்லை. ஆயிரம் பார்ஸ்னிப் கொண்டுவந்து கொட்டினாலும் விலை ஒரு காசு இறங்காது. நம் சந்தையில் எல்லோரும் தக்காளி போட்டால் தக்காளி தெருவில் கிடக்கும். எனவே விளையாட்டில் கெட்டிக்காரன் கடையிலும் கெட்டிக்காரன் என்று முடிவுகட்ட வேண்டாம்.

இருந்தாலும் பணத்தைப் புரட்டுவது, நாள் பார்த்து ரொக்கம் வைத்திருப்பது, பருவம் முடியுமுன் சரக்கைத் தீர்ப்பது ஆகிய மூன்றும் பிள்ளைகளின் தலையில் ஏறியிருக்கிறது. பொங்கல் முடிந்த மறுநாள் மிஞ்சிய வெல்லத்தின் நிலை என்ன என்று கேட்டுப் பாருங்கள். வசந்தம் 28ஆம் நாள் மிஞ்சிய செடியைச் சொல்லி அவர்களே விளக்குவார்கள். அப்படி விளக்கத் தெரிந்த பிள்ளையிடம் விளையாட்டை நிறுத்து என்று அதட்டுவதைவிட, விடுமுறை நாளில் கொள்முதல் சிட்டை ஒன்றைக் கையில் கொடுத்து, "ஆயிரம் ரூபாய் இருக்கிறது, எந்தச் சரக்கில் போடலாம், எத்தனை நாளில் திரும்பும்?" என்று கேட்பது மேல். பதில் சரியாக வந்தால் மகிழலாம். தவறாக வந்தால் உட்காரவைத்துச் சொல்லிக்கொடுக்கலாம். கடைக்கு வாரிசு இல்லை என்று கவலைப்படும் அங்கத்தினர்கள் ஒருமுறை செய்து பார்க்க வேண்டுகிறோம்.