சொசைட்டி வீடு யாருக்கு? நாமினி படிவம் மட்டும் போதாது!

மும்பையில் அடுக்குமாடிக் கட்டிடத்தில் வசிக்கும் தமிழர்கள் பலருக்கு, சொந்த வீடு என்பதற்கு அத்தாட்சியாகப் பெட்டியில் இருப்பது கூட்டுறவு வீட்டுவசதி சங்கம் கொடுத்த பங்குச் சான்றிதழ்தான். மாட்டுங்கா, செம்பூர், முலுண்டு முதல் டோம்பிவிலி வரை இதே நிலைமைதான். சம்பளத்தில் மிச்சம் பிடித்தும், ஊரில் இருந்த நிலத்தை விற்றும் வாங்கிய வீடுகள் அவை.

வாங்கியவர் உயிரோடு இருக்கும் வரை தகராறு எழுவதில்லை. அவர் காலமானதும், உறுப்பினர் உரிமையை யார் பெயருக்கு மாற்றுவது என்ற கேள்வி வருகிறது. சொசைட்டி ஆபீசில் இருக்கும் நாமினி படிவத்தை எடுத்துப் பார்க்கிறார்கள். அங்கேதான் சண்டை ஆரம்பமாகிறது.

தம்பி பெயர்

ஒருவர் கல்யாணத்துக்கு முன்பே வீடு வாங்கினார் என்று வைத்துக்கொள்வோம். அப்போது உடன் இருந்தவர் தம்பி. அவர் பெயரையே நாமினியாக எழுதிக் கொடுத்தார். பிறகு கல்யாணம் ஆனது. இரண்டு குழந்தைகளும் பிறந்தன. வேலை பார்க்கும் இடத்தில் பி.எப். படிவத்தில் மனைவி பெயரை மறக்காமல் எழுதிக் கொடுத்தவர், சொசைட்டி படிவத்தை மறந்துவிட்டார். கல்யாணம் ஆனதால் சொசைட்டியில் கொடுத்த பழைய நியமனம் தானாக மாறிவிடாது.

அவர் உயில் எழுதாமல் இறந்துவிட்டால் வீடு யாருக்கு? "படிவத்தில் என் பெயர்தான் இருக்கிறது" என்பார் தம்பி. இறந்தவர் இந்துவாக இருந்தால் 1956-ம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டம் வேறு பதில் சொல்கிறது. அவர் சுயமாகச் சம்பாதித்த சொத்தில் தாய், மனைவி, மகன், மகள் ஒவ்வொருவருக்கும் சம பங்கு உண்டு. இவர்களில் ஒருவர் இருந்தாலும் தம்பிக்குப் பங்கு கிடையாது. கிறிஸ்தவர்களுக்கும் முஸ்லிம்களுக்கும் வாரிசுரிமைச் சட்டம் வேறு. ஆனால் நாமினி பற்றிய விதி எல்லோருக்கும் ஒன்றே.

கோர்ட்டு தீர்ப்புகள்

நாமினி என்பவர் சொத்தை வாரிசுகளுக்காகப் பொறுப்பேற்று வைத்திருப்பவரே தவிர முழு உரிமையாளர் அல்ல என்று பம்பாய் ஐகோர்ட்டு 1981-ம் ஆண்டிலேயே ஒரு சொசைட்டி வீட்டு வழக்கில் கூறியது.

மேற்கு வங்காளத்தில் இருந்து வந்த ஒரு வழக்கில் 2016-ம் ஆண்டு சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. தந்தை, கல்யாணமான மகளை நாமினியாக எழுதியிருந்தார். மனைவியும் மகனும் அதை எதிர்த்தார்கள். நாமினி பெயருக்கு மாற்றிக் கொடுக்க சங்கம் கடமைப்பட்டது என்று கோர்ட்டு கூறியது. உடனே பலர், "நாமினியே சொந்தக்காரர் என்று தீர்ப்பாகிவிட்டது" என்று பேசத் தொடங்கினார்கள். அது சரியல்ல. மற்றவர்கள் தங்கள் வாரிசுரிமையைத் தனியாகக் கேட்டு வழக்கு நடத்தலாம் என்பதையும் அதே தீர்ப்பு சொன்னது.

மராட்டியத்தில் இந்தக் குழப்பத்தைத் தீர்க்க 2019-ம் ஆண்டு கூட்டுறவுச் சங்கச் சட்டத்தில் தனி அத்தியாயமே சேர்க்கப்பட்டது. அதன்படி நாமினி தற்காலிக உறுப்பினராகவே சேர்க்கப்படுவார். உயில், வாரிசுச் சான்றிதழ், குடும்ப ஏற்பாட்டுப் பத்திரம் போன்றவற்றைக் கொண்டு உரிமையுள்ளவர் வந்து சேரும் வரைதான் அவருக்கு அந்த இடம்.

சொசைட்டி ஏன் இப்படிச் செய்கிறது என்று கேட்கலாம். இறந்தவருக்குப் பிறகு பராமரிப்புக் கட்டணம் கேட்கவும், நோட்டீசு அனுப்பவும் சங்கத்துக்கு ஒரு ஆள் தேவை. அந்த ஆள்தான் நாமினி. வீடு யாருக்குச் சொந்தம் என்று தீர்ப்புச் சொல்ல செகரட்டரிக்கோ சேர்மனுக்கோ அதிகாரம் இல்லை. அது சிவில் கோர்ட்டின் வேலை.

நன்கொடை கேட்டால்

சில இடங்களில் விதவையிடமும் பிள்ளைகளிடமும்கூட, "பெயர் மாற்ற இவ்வளவு நன்கொடை கொடு" என்று கேட்கிறார்கள். இது விதிக்கு விரோதமானது. வெளியாருக்கு விற்கும்போது வாங்கும் பிரிமியத்துக்கே மராட்டிய அரசு 2001-ம் ஆண்டு உத்தரவில் உச்சவரம்பு வைத்தது. மாநகராட்சிப் பகுதிகளில் அது 25 ஆயிரம் ரூபாய். நாமினிக்கோ வாரிசுக்கோ மாற்றும்போது பிரிமியமே கிடையாது. மாற்றுக் கட்டணம், நுழைவுக் கட்டணம் என்ற சிறு தொகைகளைக் கட்டினால் போதும்.

விண்ணப்பத்தைக் கொடுத்து, கிடைத்ததற்கு முத்திரையுடன் நகல் வாங்கிக்கொள்ள வேண்டும். மூன்று மாதத்துக்குள் சங்கம் முடிவைத் தெரிவித்தாக வேண்டும். மறுத்தால் காரணத்தையும் எழுத்தில் தர வேண்டும். ஒரு பதிலும் வராவிட்டால் உறுப்பினராகச் சேர்க்கப்பட்டதாகவே கருத சட்டத்தில் இடம் உண்டு. மறுப்பை எதிர்த்து அந்தப் பகுதி கூட்டுறவுத் துணைப் பதிவாளரிடம் அப்பீல் செய்யலாம். வாய்மொழியாகச் சொல்லும் மறுப்பைக் கேட்டுவிட்டுத் திரும்பி வந்தால் அப்பீலுக்கு ஆதாரம் இருக்காது.

என்ன செய்ய வேண்டும்?

முதலில், சொசைட்டியில் யார் பெயர் நாமினியாக இருக்கிறது என்று எழுதிக் கேளுங்கள். மாற்ற வேண்டுமானால் புதிய படிவத்தை மூன்று பிரதி கொடுத்து, நாமினி பதிவேட்டில் ஏறியதா என்று பாருங்கள்.

இரண்டாவது, நாமினி படிவத்தோடு நின்றுவிடாமல் உயில் ஒன்றும் எழுதி வையுங்கள். இரண்டிலும் ஒரே பெயர் இருந்தால் பெரும்பாலான தகராறுகளுக்கு வழியில்லை.

மூன்றாவது, வாரிசுகள் எல்லோரும் சேர்ந்து ஒருவருக்கே விட்டுக்கொடுக்க விரும்பினால், வாய்ப்பேச்சோடு விடாமல் விடுதலைப் பத்திரம் எழுதிப் பதிவு செய்யுங்கள். ஊரில் இருக்கும் அக்கா, தங்கையின் கையெழுத்தும் அதில் வேண்டும். மகளுக்கும் பங்கு உண்டு என்பதை மறந்துதான் பல குடும்பங்கள் பின்னால் கோர்ட்டு வாசலில் நிற்கின்றன.

குடிசைப் பகுதி மறுவாழ்வுத் திட்டத்திலும் வீட்டுவசதி வாரியம் மூலமும் கிடைத்த வீடுகளுக்கு மேலும் சில நிபந்தனைகள் உண்டு. அந்தந்த அலுவலகத்தில் கேட்டறிந்த பிறகே காரியத்தில் இறங்க வேண்டும்.

படிவத்தை மாற்ற ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை போதும். வழக்கு என்று வந்துவிட்டால் அது பிள்ளைகளின் காலத்திலும் இழுத்துக்கொண்டே போகும்.