பொறியின் செவியில் ஓதும் இரண்டாம் பெட்டி

மோட்டார் வண்டி என்றால் இரும்பு, எண்ணெய், நெருப்பு என்னும் மூன்றின் கூட்டு என்றே நம் தலைமுறையினர் எண்ணி வளர்ந்தோம். வண்டி கிளம்ப மறுத்தால் கார்புரேட்டரைக் கழற்றி ஊதுவதும், பிளக்கைத் துடைத்து மாட்டுவதும், காற்று வடிகட்டியைத் தட்டிப் பார்ப்பதுமே அந்நாளைய வைத்தியம். இன்று சாலையில் ஓடும் கார்களிலோ இம்மூன்றுக்கும் மேலாக நான்காவது ஒன்று அமர்ந்து ஆட்சி செய்கிறது. அது கணிப்பொறி. மெக்கானிக்குகள் அதனை இ.சி.யு. என்றும் இ.சி.எம். என்றும் வழங்குவர். அக்கணிப்பொறிக்குத் துணையாக மற்றொரு சிறு பெட்டியைப் பொருத்தி வண்டியின் வேகத்தைக் கூட்டும் வழக்கமும், அதே முறையில் பெட்ரோல் வண்டியை எரிவாயுவில் ஓட்டும் வழக்கமும் இன்று பரவியுள்ளன. இவ்விரண்டாம் பெட்டியின் இயல்பினை ஈண்டு விளக்க முற்படுகிறோம். தமிழ்த்துறை மலரில் மோட்டார் வண்டிக்கு என்ன வேலை என்று வினவுவோர் சற்றுப் பொறுத்தருள்க. நாம் பேச இருப்பது சாட்சியத்தையும் மொழிபெயர்ப்பையும் பற்றியே.

நம் கல்லூரியில் இயற்பியல் பயின்று, பின்னர் சொந்தமாகப் பணிமனை நடத்தி வரும் பழைய மாணவர் ஒருவரைக் காணச் சென்றிருந்தோம். வாடகைக்கு ஓடும் டீசல் கார் ஒன்றின் முன்மூடியைத் திறந்து, சோப்புப் பெட்டி அளவே உள்ள கறுப்புப் பெட்டி ஒன்றைச் சுட்டிக் காட்டினார். அதிலிருந்து இரண்டு இணைப்பு முனைகள் மட்டுமே சென்றன. “ஐயா, இது இன்ஜினில் எதையும் மாற்றுவதில்லை. கணிப்பொறியிடம் ஒரே ஒரு பொய் சொல்கிறது. மற்றதையெல்லாம் கணிப்பொறியே செய்துவிடுகிறது” என்றார். அவர் கூறிய அச்சொற்களே இக்கட்டுரைக்கு வித்து.

கணிப்பொறி வண்டிக்குள் புகுந்த வரலாறு சுருக்கமானது. 1967-இல் ஜெர்மானிய நிறுவனமான போஷ், டி-ஜெட்ரானிக் என்னும் மின்னணு எரிபொருள் பீய்ச்சு முறையை அமெரிக்காவில் விற்கப்பட்ட வோல்க்ஸ்வாகன் 1600 கார்களில் பொருத்தியது. 1976-இல் புகைக்குழாயில் எஞ்சும் ஆக்ஸிஜனை அளந்து சொல்லும் உணரி வால்வோ கார்களில் வந்தது. எரிபொருளையும் தீப்பொறியையும் ஒரே கணிப்பொறி ஆளும் மோட்ரானிக் முறை 1979-இல் பி.எம்.டபிள்யூ. 732ஐ காரில் அமைந்தது. டீசல் வண்டிகளில் பெரும் மாற்றத்தைக் கொணர்ந்த காமன் ரெயில் முறை 1997-இல் ஆல்ஃபா ரோமியோ 156 என்னும் காரில் முதன்முதலாகப் பயணியர் வண்டிக்கு வந்தது. நம் நாட்டில் 1999-இல் உச்ச நீதிமன்றம் தில்லி வட்டாரத்துக்கு யூரோ மாசு வரம்புகளை விதித்ததை அடுத்து, கார்புரேட்டரின் காலம் முடிவை நோக்கி விரைந்தது எனலாம்.

இக்கணிப்பொறியின் நிலையினைச் சிறிது எண்ணிப் பார்த்தல் வேண்டும். அது மூடிய பெட்டிக்குள் இருக்கிறது. நெருப்பை அது கண்டதில்லை, சூட்டை உணர்ந்ததில்லை. இன்ஜினின் நிலைமையெல்லாம் சென்சார் என வழங்கும் உணரிகள் கம்பி வழியே அனுப்பும் மின்னழுத்தமாகவே அதனை வந்தடைகின்றன. குளிர்விக்கும் நீரின் வெப்பத்தை ஓர் உணரி சொல்லும். உட்புகும் காற்றின் அளவை மற்றொன்று சொல்லும். சுழற்சியின் வேகத்தையும், ஓட்டுநர் காலால் மிதிக்கும் அளவையும் வேறு சில சொல்லும். கேட்டவற்றைத் தன் நினைவிலுள்ள அட்டவணைகளோடு ஒப்பிட்டு, எத்துணை எரிபொருளை எந்நேரத்தில் பீய்ச்சுவது என்று அது ஒவ்வொரு சுழற்சிக்கும் தீர்ப்பு வழங்குகிறது. ஆக, அரண்மனையை விட்டு வெளியேறாமல் ஒற்றர் சொல் கேட்டே நாடாளும் மன்னனை அது ஒத்திருக்கிறது.

ஒற்றர் என்றவுடன் குறள் பயின்றோர்க்கு ஒற்றாடல் அதிகாரம் நினைவுக்கு வரும். ஓர் ஒற்றன் கொணர்ந்ததை வேறோர் ஒற்றனைக் கொண்டு சரிபார்க்க வேண்டும் என்பது அங்குள்ள கருத்து. கார் அமைத்த பொறியாளரும் இவ்வழியே சென்றுள்ளனர். இன்றைய ஆக்ஸிலேட்டர் மிதியில் உணரி ஒன்றன்று, இரண்டு. இரண்டின் சொல்லும் தமக்குள் ஒத்துவர வேண்டும். ஒவ்வாவிடில் கணிப்பொறி ஐயுற்று, எச்சரிக்கை விளக்கை ஏற்றி, வண்டியை மெல்ல நகரும் அளவுக்கு அடக்கிவிடும். ஆனால் எல்லா இடத்திலும் இரட்டை ஒற்றர் இல்லை. இரண்டாம் பெட்டி நுழைவது அந்த இடைவெளியில்தான்.

மாணவர் காட்டிய பெட்டியையே எடுத்துக்கொள்வோம். காமன் ரெயில் டீசல் இன்ஜினில், உயர் அழுத்தப் பம்பு டீசலை ஒரு பொதுக் குழாய்க்குள் தள்ளி மிகுந்த அழுத்தத்தில் நிறுத்தி வைக்கிறது. அக்குழாயிலிருந்து இன்ஜெக்டர்கள் நொடியின் ஆயிரத்தில் ஒரு பங்கு என்னும் அளவிலான நேரத்துக்குத் திறந்து மூடுகின்றன. குழாயின் அழுத்தத்தை அளந்து சொல்ல ஓர் உணரி உண்டு. அதிலிருந்து மூன்று கம்பிகள் செல்லும்: மின்சாரம் தர ஒன்று, தரை இணைப்புக்கு ஒன்று, செய்தி சொல்ல ஒன்று. அழுத்தமே இல்லையெனில் 0.5 வோல்ட், உச்ச அழுத்தமெனில் 4.5 வோல்ட் என்று அது செய்தி அனுப்புவதாகக் கொள்வோம். உச்சம் 1,800 பார் என்றால், ஒரு வோல்ட்டுக்கு 450 பார் கணக்காகிறது.

இரண்டாம் பெட்டி உணரிக்கும் கணிப்பொறிக்கும் நடுவே அமர்ந்து, வரும் செய்தியில் 0.25 வோல்ட்டைக் குறைத்து அப்பால் அனுப்புகிறது. குழாயில் 1,200 பார் இருக்கையில் கணிப்பொறியின் செவிக்கு ஏறத்தாழ 1,088 என்றே எட்டுகிறது. ‘அழுத்தம் போதவில்லையே’ என்று கருதிய கணிப்பொறி பம்பை மேலும் இயக்குகிறது. தன் காதில் 1,200 என்று விழும்வரை அது ஓயாது. அப்பொழுது குழாயில் உண்மையில் இருப்பது 1,312 பார். இன்ஜெக்டர் திறக்கும் நேரம் மாறவில்லை. ஆயினும் உள்ளே பாயும் டீசல் கூடிவிட்டது. வண்டி பாய்கிறது, வாங்கியவர் மகிழ்கிறார்.

இவ்விடத்தில் விளம்பரங்கள் சொல்லாத ஒரு கணக்கு உண்டு. துளை வழியே பாயும் திரவத்தின் அளவு அழுத்தத்தின் நேர் விகிதத்தில் கூடுவதில்லை. அதன் வர்க்கமூலத்தின் விகிதத்திலேயே கூடும். அழுத்தம் 1,200-இலிருந்து 1,312 ஆனால் டீசல் ஏறத்தாழ நாலரை விழுக்காடே மிகும். இவ்வழி ஒன்றாலேயே டீசலை 20 விழுக்காடு கூட்ட வேண்டுமெனில் அழுத்தத்தை 44 விழுக்காடு உயர்த்த வேண்டும். அதாவது 1,200 பார் 1,728 ஆக வேண்டும். சிறு பயனுக்குப் பெரிய பொய் தேவைப்படுகிறது என்பது இதன் பொருள். அப்பெரும் பொய்யின் சுமை பம்பின் மீதும் இன்ஜெக்டர் முனைகளின் மீதும் விழுகிறது. கூடுதல் முறுக்கு விசையைக் கிளட்ச் தாங்க வேண்டும். காற்று போதாத தருணங்களில் எரியாத கரி கரும்புகையாய் வெளியேறும். புகைக்குழாயில் துகள் வடிகட்டி உள்ள வண்டியானால் அக்கரி அங்கே அடைத்துக்கொள்ளும். விலை கூடிய பெட்டிகள் டர்போவின் உணரியையும் இன்ஜெக்டரின் நேரத்தையும் சேர்த்தே மாற்றிச் சமன் செய்ய முயல்கின்றன என்பதையும் சொல்லியாக வேண்டும். எல்லாப் பெட்டியும் ஒரே தரத்தின அல்ல.

பொய் ஒன்று நுழைந்துவிட்டால் அது ஓரிடத்தில் நிற்பதில்லை என்பதை அந்த வாடகைக் கார் நமக்கு நன்கு விளக்கிற்று. வண்டி உரிமையாளர் ஐம்பது வயதைக் கடந்தவர், அவரே ஓட்டுநர். “தம்பி, வேகமும் கூடிற்று, மைலேஜும் கூடிற்று, முன்பு லிட்டருக்கு 16 காட்டிய திரை இப்போது 17 காட்டுகிறது” என்று அவர் பெருமிதத்தோடு கூறினாராம். நம் மாணவர் மறுத்துப் பேசவில்லை. ஒரு சிறு குறிப்பேட்டைக் கொடுத்து, டேங்க்கை நிரப்பும்தோறும் லிட்டரையும் கிலோமீட்டரையும் எழுதி வருமாறு வேண்டினார். இரண்டு மாதம் கழித்துக் கூட்டிப் பார்த்தபோது கிடைத்தது 15.8.

திரை ஏன் பிழைத்தது? திரையில் தெரியும் மைலேஜ், டேங்க்கை அளந்து சொல்லப்படுவதன்று. தான் கட்டளையிட்ட டீசலின் அளவைக் கொண்டு கணிப்பொறி போடும் கணக்கு அது. தான் நம்பிய அழுத்தத்தில் இவ்வளவே பாய்ந்திருக்கும் என்று அது கருதியது. உண்மையில் பாய்ந்ததோ மிகுதி. சீரான வேகத்தில் செல்லும்போது குழாயின் அழுத்தம் 700 பார் அளவில் இருக்கக்கூடும். அங்கே அதே 0.25 வோல்ட்டுப் பொய் இன்னும் பெரிய பங்காகிறது. ஆகவே கணிப்பொறி தான் ஏமாந்ததோடு அமையாமல், தன் உரிமையாளரையும் அறியாமலே ஏமாற்றிற்று. அதன்மீது குற்றம் சொல்ல இயலுமா? கேட்டதைக் கேட்டவாறு கூறிற்று, அவ்வளவே.

பெட்ரோல் வண்டியில் இத்தகைய பொய் நெடுநாள் நிலைப்பதில்லை. ஒரு பங்கு பெட்ரோலுக்கு 14.7 பங்கு காற்று என்னும் எடை விகிதத்தைக் காக்கவே அங்கே கணிப்பொறி பாடுபடுகிறது. காற்றைப் பற்றி யாரேனும் பொய் சொன்னால், புகைக்குழாயிலுள்ள ஆக்ஸிஜன் உணரி உண்மையை எடுத்துரைத்துவிடும். அது கண்டு கணிப்பொறி தன் அட்டவணையைச் சிறுகச் சிறுகத் திருத்திக்கொள்ளும். முழு வேகத்தில் மிதிக்கும்போது மட்டுமே இத்திருத்தம் பெரும்பாலும் ஒதுங்கி நிற்கும். பொய்க்கு அங்கே இடம் உண்டு. இதனாலேயே, புகையைத் தூய்மை செய்யும் வினையூக்கிப் பெட்டியைக் கழற்றி எறிந்துவிட்டு, அது இருப்பதுபோலவே செய்தி அனுப்பும் போலி உணரிகளைச் சிலர் பொருத்துகின்றனர். கேடு பொருத்தியவரோடு நிற்பதில்லை. அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு நிறுவனம் 2020 நவம்பரில் வெளியிட்ட அறிக்கையில், அதற்கு முந்தைய பத்தாண்டில் அந்நாட்டில் 5,50,000-க்கும் மேற்பட்ட டீசல் வண்டிகளில் மாசுத் தடுப்பு அமைப்புகள் மென்பொருளாலும் கருவிகளாலும் முடக்கப்பட்டதாக மதிப்பிட்டது. அவ்வண்டிகளின் வாழ்நாளில் கூடுதலாக வெளியேறும் நைட்ரஜன் ஆக்ஸைடு 5,70,000 டன் என்பதும் அதன் கணிப்பே. அக்காற்றைச் சுவாசிப்போரிடம் எவரும் ஒப்புதல் கேட்டதில்லை.

இவ்வளவும் கேட்டபின் இரண்டாம் பெட்டி என்றாலே தீது என்று முடிவு கட்டிவிடலாகாது. சி.என்.ஜி. எரிவாயுவுக்கு மாற்றப்பட்ட பெட்ரோல் கார்களிலும் ஓர் இரண்டாம் பெட்டி உண்டு. அதன் பணி நம் துறையினர்க்கு மிக நெருக்கமானது; அது மொழிபெயர்ப்பாளர். பழைய கணிப்பொறிக்குப் பெட்ரோல் மொழி ஒன்றே தெரியும். ‘இன்ஜெக்டரை 4 மில்லி நொடி திற’ என்று அது கட்டளையிடுகிறது. எரிவாயுப் பெட்டி அக்கட்டளையை வாங்கி, வாயுவின் அழுத்தத்தையும் வெப்பத்தையும் அளந்து பார்த்து, ‘இதே ஆற்றலைத் தர எரிவாயு எத்துணை நேரம் பாய வேண்டும்’ என்று கணக்கிட்டு, எரிவாயு இன்ஜெக்டரை அதற்கேற்பத் திறக்கிறது. வண்டி கிளம்புவது பெட்ரோலில். அழுத்தத்தைக் குறைக்கும் ரெடியூசர் போதிய சூடு ஏறிய பின்னரே வாயுவுக்கு மாறுகிறது. வாயு மெல்ல எரிவதால் தீப்பொறியை முன்கூட்டியே தரும் துணைக்கருவியும் சில வண்டிகளில் உண்டு.

இம்மொழிபெயர்ப்பிலும் ஒரு சிறு மறைப்பு உளது. பெட்ரோல் இன்ஜெக்டர்களின் இணைப்பைத் துண்டித்தவுடன் பழைய கணிப்பொறி ‘இன்ஜெக்டர் பழுது’ என்று கூக்குரலிடும். அதனை அமைதிப்படுத்த, இன்ஜெக்டர் இருப்பதுபோன்ற மின்தடையை எரிவாயுப் பெட்டி காட்டுகிறது. மூலத்தில் உள்ள எதையுமே மறைக்காத மொழிபெயர்ப்பு எங்கேனும் உண்டா என்று நம் துறை நண்பர் ஒருவர் கேட்டார். விடை சொல்ல இயலவில்லை. ஆயினும் வேறுபாடு ஒன்று தெளிவாகத் தெரிகிறது. எரிவாயு மாற்றம் ஊரறிய நிகழ்வது. மோட்டார் வாகனச் சட்டம் 1988-இன் 52-ஆம் பிரிவு, உற்பத்தியாளர் குறித்த விவரங்களுக்கு முரணாகும் வகையில் வண்டியை மாற்றுவதைத் தடை செய்கிறது. ஒப்புதல் பெற்ற கருவித் தொகுதியைக் கொண்டு எரிபொருளை மாற்ற அதே பிரிவு வழி தருகிறது. மாற்றியதை ஆர்.சி. புத்தகத்தில் பதிய வேண்டும். வண்டியை நாளை வாங்குபவர் அதைப் படித்தறியலாம். வேகம் கூட்டும் பெட்டியோ, பத்து நிமிடத்தில் மாட்டலாம், பத்து நிமிடத்தில் தடயமின்றிக் கழற்றலாம் என்று சொல்லியே விற்கப்படுகிறது. உத்தரவாதக் காலத்தில் சர்வீசுக்கு விடுமுன் கழற்றி வைப்பதும், வந்தபின் மாட்டிக்கொள்வதும் வழக்கமாகிவிட்டது.

அவ்வாடகைக் கார் பதினான்கு மாதம் அப்பெட்டியோடு ஓடியது. குறிப்பேட்டுக் கணக்கைக் கண்டபின் உரிமையாளர் தாமே அதைக் கழற்றச் சொன்னார். சில வாரங்களில் காரை விற்கவும் முடிவு செய்தார். வாங்க வந்தவர் இளைஞர். கடன் பெற்று முதல் வண்டி வாங்குபவர். முன்மூடியைத் திறந்து பார்த்தார். எல்லாம் கம்பெனியிலிருந்து வந்தபடியே இருந்தது. “இன்ஜினில் ஏதும் கைவைத்தீர்களா?” என்று கேட்டார். உரிமையாளர் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, பணிமனை அலமாரியில் கிடந்த அக்கறுப்புப் பெட்டியைத் தாமே எடுத்துவந்து அவர் கையில் கொடுத்து, நடந்ததைச் சொன்னார். பேசிய விலையில் பதினெட்டாயிரம் ரூபாய் குறைந்தது. கிளட்ச் தட்டை அந்தப் பணத்தில் மாற்றிக்கொண்டு, மறுநாள் மாலை இளைஞர் காரை ஓட்டிச் சென்றார்.