கூட்டுறவுச் சங்க நிருவாகத்தை அரசாங்கம் பொறுப்பேற்கும்போது அங்கத்தவர்க்குள்ள சட்டப் பாதுகாப்பு

நெல்லும் மரக்கறியும் பயிரிடும் கமக்காரர் பலர் தம் சேமிப்பைக் கூட்டுறவுச் சங்கத்திலே வைத்துள்ளனர். விதை, பசளை, பயிர்ச்செய்கைக் கடன் ஆகியவற்றையும் அதன் வழியாகப் பெறுகின்றனர். ஆகவே, அங்கத்தவர் தெரிந்தெடுத்த குழு கலைக்கப்பட்டு, நிருவாகம் வேறொருவர் கைக்கு மாறுமாயின், அது போகத்தையே பாதிக்கக்கூடிய காரியமாகும். அவ்வேளையிற் சட்டம் அளிக்கும் பாதுகாப்பை ஒவ்வோர் அங்கத்தவரும் அறிந்திருத்தல் நன்று.

பதிவாளரின் அதிகாரமும் அதன் எல்லையும்

1972 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கக் கூட்டுறவுச் சங்கச் சட்டத்தின்படி, சங்கக் கணக்குகள் ஆண்டுக்கு ஒருமுறையேனும் கணக்காய்வு செய்யப்படல் வேண்டும். பதிவாளர் தாமாகவே சங்கத்தைப்பற்றி விசாரணை நடத்தலாம். குழுவிற் பெரும்பான்மையோர் அல்லது அங்கத்தவரில் மூன்றிலொரு பங்கினர் கேட்பின், விசாரணை நடத்துவது அவர் கடமையாகும். குழு தன் கடமையைச் செவ்வனே ஆற்றவில்லையென விசாரணையிற் காணின், அதனைக் கலைத்துத் தகுந்த ஒருவரை நியமிக்க அவருக்கு அதிகாரமுண்டு. ஆயினும், கலைக்குமுன் குழு தன் ஆட்சேபங்களைக் கூறுதற்கு இடமளித்தல் வேண்டும்.

1987 ஆம் ஆண்டின் 13 ஆவது அரசியலமைப்புத் திருத்தத்தின் பின் கூட்டுறவு மாகாண சபைகளுக்குரிய விடயமாயிற்று. எனவே, தம் மாகாணத்துக்கு நியதிச்சட்டம் உண்டாயின் அதனையும் பார்த்துக்கொள்ளல் வேண்டும்.

யாழ்ப்பாண மாநகர சபை வழக்கு

தன் பக்க நியாயத்தைக் கூறும் உரிமையைப்பற்றி இலங்கையிலெழுந்த முக்கிய வழக்கொன்று துரையப்பா எதிர் பெர்னாண்டோ என்பதாகும். அது கூட்டுறவுச் சங்கத்தைப் பற்றியதன்று. எனினும் அதன் பாடம் சங்கங்களுக்கும் பொருந்தும்.

1966 ஆம் ஆண்டு மே மாதத்தில் உள்ளூராட்சி அமைச்சர் யாழ்ப்பாண மாநகர சபையைக் கலைத்தார். ஆணையாளர் ஒருவரின் அறிக்கையே அதற்கு ஆதாரமாயிருந்தது. சபையின் விளக்கம் கேட்கப்படவில்லை. மாநகர முதல்வர் வழக்குத் தொடர்ந்தார். வழக்கு இலண்டனிலுள்ள கோமறைக் கழகம் வரை சென்றது. கலைக்குமுன் சபைக்குத் தன் நியாயத்தைக் கூற இடமளித்திருக்க வேண்டுமென அக்கழகம் தெளிவாகக் கூறிற்று. எனினும் முதல்வர் தோல்வியுற்றார். உரிமை சபைக்குரியது, சபை முறையிடவில்லை, முதல்வர் தனித்து முறையிட்டமை போதாது என்பதே காரணமாகும்.

இன்று நீதிமன்றங்கள், யார் வழக்கிடலாம் என்பதை அன்றிலும் விரிவாக நோக்குகின்றன. ஆயினும், குழுவின் உரிமையைக் குழுவாகவே கேட்பதுதான் உறுதியான வழியாகும். தலைவர் ஒருவர் தனியே எழுதும் கடிதத்தை மாத்திரம் நம்பியிருத்தல் ஆகாது.

செய்யவேண்டியவை

1. குற்றச்சாட்டுகளையும் விசாரணை அறிக்கையின் பிரதியையும் எழுத்து மூலம் கேட்க வேண்டும்.

2. குழுவைக் கூட்டி, ஒவ்வொரு குற்றச்சாட்டுக்கும் மறுமொழி தயாரித்து, அதனைத் தீர்மானமாகக் கூட்டறிக்கைப் புத்தகத்திற் பதிதல் வேண்டும். மறுமொழியைப் பதிவுத் தபாலில் அனுப்பிப் பற்றுச்சீட்டைப் பேணுக.

3. பொறுப்பை ஒப்படைக்க நேரின் காசு, கணக்குப் புத்தகங்கள், களஞ்சியத்திலுள்ள நெல், பசளை ஆகியவற்றுக்கு நிரல் எழுதி, இரு பகுதியாரும் கையொப்பமிடல் வேண்டும்.

4. கட்டளை சட்டத்துக்கு மாறானதெனக் கருதின் தாமதமின்றிச் சட்டத்தரணியை நாடுக. வசதியற்றோர் சட்ட உதவி ஆணைக்குழுவை அணுகலாம். கட்டளையை நீக்கும் எழுத்தாணையை மேன்முறையீட்டு நீதிமன்றம் வழங்கலாம். மாகாண விடயங்களில் மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் அவ்வதிகாரமுண்டு. அடிப்படை உரிமை மீறப்பட்டதாயின் ஒரு மாதத்துள் உயர் நீதிமன்றத்துக்கு விண்ணப்பித்தல் வேண்டும்.

குழுவைக் கலைத்தல் வேறு, பதிவை நீக்கல் வேறு

குழு கலைக்கப்படுவதால் சங்கம் அழிந்துவிடுவதில்லை. அங்கத்தவரின் பங்குப்பணமும் வைப்புப் பணமும் அவர்களுடையனவாகவே இருக்கும். அவர்கள் பெற்ற கடனும் கடனாகவே இருக்கும். சினத்தினாற் கடன் தவணையை நிறுத்துவோர் தமக்கே கேடு தேடிக்கொள்வர்.

சங்கத்தின் பதிவே நீக்கப்படுமாயின் நிலைமை பாரதூரமானது. அப்போது சங்கத்தின் சொத்தும் கடனும் தீர்க்கப்பட்டு, சங்கம் முடிவுறும். அக்கட்டளைக்கு எதிராக எந்த அங்கத்தவரும் இரண்டு மாதத்துள் அமைச்சருக்கு மேன்முறையீடு செய்யலாம். இவ்வுரிமை தனி அங்கத்தவருக்கும் உண்டென்பதை மறத்தலாகாது.

ஒழுங்காக எழுதப்பட்ட கணக்கும், தவறாது கூடும் பொதுக்கூட்டமும், முறையாகப் பேணப்பட்ட கூட்டறிக்கையும் உள்ள சங்கத்தைக் கலைக்கக் காரணங்காண்பது அரிது. காரணமின்றிக் கலைக்கப்படினும், தன் நியாயத்தை நிலைநாட்ட வேண்டிய சான்றுகள் அச்சங்கத்தின் கையிலேயே இருக்கும்.