பிராணவாயு சிலிண்டரின் ஆயுளும் பராமரிப்பும்

தாம்பரம் சானடோரியத்தில் 1928-ஆம் ஆண்டு டாக்டர் சௌரிமுத்து நிறுவிய காசநோய் மருத்துவ நிலையம், இன்று அரசு நெஞ்சக நோய் மருத்துவமனையாக விளங்குகிறது. சுற்றுப்புறக் கிராமங்களிலிருந்தும் பலர் அங்குச் சிகிச்சை பெறுகின்றனர். நுரையீரல் நோயுற்றோரில் சிலர், வீடு திரும்பிய பின்னரும் மருத்துவர் கூறியபடி பிராணவாயு சுவாசிக்க வேண்டியவராக உள்ளனர். அவர்களுக்காக வீட்டுக்கு வரும் சிலிண்டரைப் பற்றி நாம் சிறிது அறிந்திருத்தல் அவசியம்.

இச்சிலிண்டர் ஒட்டில்லாத எஃகினால் ஆனது. இதனுள் வாயு, வளிமண்டல அழுத்தத்தைப் போல ஏறக்குறைய 150 மடங்கு அழுத்தத்தில் அடைபட்டுள்ளது. நீலாங்கரைக் கடலில் மூழ்குவோர் முதுகில் சுமக்கும் காற்றுச் சிலிண்டரும் இவ்வினத்தைச் சேர்ந்ததே. ஒவ்வொரு முறை நிரப்பும்போதும் உலோகம் மிகச் சிறிதளவு விரிந்து, வாயு தீர்ந்ததும் பழைய நிலைக்குச் சுருங்குகிறது. இவ்வாறு சுருங்கும் திறன் உள்ளவரையில்தான் அதற்கு ஆயுள் உண்டு.

அத்திறனை அறிய, ஐந்தாண்டுக்கு ஒருமுறை சிலிண்டரில் நீரை நிரப்பி, வாயுவின் அழுத்தத்தினும் மிகுந்த அழுத்தம் கொடுத்துச் சோதிக்கின்றனர். நீர் எளிதில் அமுங்காது. ஆதலால் சோதனையில் சிலிண்டர் பிளந்தாலும் வாயுவைப் போல் சீறி வெடிப்பதில்லை. விரிவில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் சுருங்காமல் நின்றுவிட்டால் அச்சிலிண்டர் தள்ளப்படும். தேறியவற்றின் மீது சோதனை செய்த தேதி பொறிக்கப்படும். சிலிண்டரை வாங்கும்போது அத்தேதியைப் பாருங்கள். ஐந்தாண்டு கடந்திருப்பின் ஏற்க வேண்டாம்.

வீட்டில் செய்ய வேண்டியவை கடினமானவை அல்ல. சிலிண்டரை நிழலில், காற்றோட்டமான இடத்தில் நிமிர்த்தி வைத்துச் சங்கிலியால் கட்டுக. ஈரத்தரையில் வைத்தால் அடிப்பாகம் துருப்பிடிக்கும். கடற்கரை ஊர்களில் உப்புக்காற்றினால் துரு இன்னும் விரைவாக ஏறும். வால்வில் எண்ணெயோ கிரீசோ ஒருபோதும் இடலாகாது. பிராணவாயு பட்டால் அவை தீப்பற்றும். வால்வு இறுகியிருந்தால் தட்டித் திறக்காமல் கொடுத்தவரிடமே திருப்புக. அருகில் விளக்கு, அடுப்பு, பீடி கூடா. வால்வை மெல்லத் திறக்க வேண்டும். வாயுவை முற்றும் தீர்க்காமல் சிறிது மிச்சம் வைத்து மூடினால், வெளியிலுள்ள ஈரக்காற்று உட்புகாது.

2015-ஆம் ஆண்டு டிசம்பரில் அடையாற்று வெள்ளம் முடிச்சூரையும் வரதராஜபுரத்தையும் சூழ்ந்தது நினைவிருக்கும். வெள்ளத்தில் மூழ்கிய சிலிண்டரைத் துடைத்து மறுபடி பயன்படுத்தலாகாது. பரிசோதனைக்கு அனுப்புவதே முறை.

மழைக்காலத்திற்கு முன் ஒரு கணக்கும் தேவை. 7,000 லிட்டர் வாயு கொண்ட பெரிய சிலிண்டர், நிமிடத்திற்கு 2 லிட்டர் வீதம் சுமார் 58 மணி நேரம் வரும். 1,500 லிட்டர் கொண்ட சிறியது பன்னிரண்டரை மணி நேரமே. பாதை அடைபட்டால் இவ்வளவு நேரமே கையிருப்பு. ஆகவே, தத்தம் ஊரில் பிராணவாயு பெறுவோர் எந்தெந்த வீட்டில் உள்ளனர் என்பதைப் பஞ்சாயத்து உறுப்பினர்கள் முன்னதாகவே குறித்து வைத்து, மாற்றுச் சிலிண்டருக்கு வழிசெய்வார்களாயின், அது ஓர் உயிர் காக்கும் தொண்டாகும்.