'அசைக்ளோவிர்': மாத்திரை அட்டையில் இருக்கும் இந்தப் பெயருக்கு என்ன அர்த்தம்? அக்கிக்கு 72 மணி நேரம் ஏன் முக்கியம்?

ஞாயிற்றுக்கிழமை ராத்திரி 11 மணி. என் ரூம்மேட் கட்டிலில் உட்கார்ந்து ஒரு மாத்திரை அட்டையையே வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதற்கு ரெண்டு மூணு நாள் முன்பே இடது விலாப் பக்கம் எரிச்சல். ஜிம்மில் எங்கேயோ பிடித்துக்கொண்டது என்று தைலம் தேய்த்தாள். சனிக்கிழமை காலை அதே இடத்தில் கொத்துக் கொத்தாகக் கொப்புளம். ஞாயிறு மாலை டாக்டரிடம் போனோம். பார்த்த உடனே "அக்கி" என்றார். ஒரு மாத்திரை எழுதினார். "இன்னைக்கு ராத்திரியே ஆரம்பிச்சிடுங்க" என்றார். வெளியே 20 பேர் காத்திருந்தார்கள். நாங்களும் அதற்கு மேல் எதுவும் கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் நாம எல்லாரும் செய்வதைத்தான் அவளும் செய்தாள். அட்டையில் இருந்த பெயரை கூகுளில் தட்டினாள். அசைக்ளோவிர். முதல் ஸ்கிரீனிலேயே 'ஹெர்பிஸ்', 'பிறப்புறுப்பு', 'பாலியல் தொற்று'.

"எனக்கு எப்படிடி இது வரும்?"

மாத்திரையைப் பிரிக்கவே இல்லை. அதே நேரம் ஊரிலிருந்து அம்மா போனில், "அக்கிக்கெல்லாம் யாராவது மாத்திரை போடுவாங்களா? செவ்வாய்க்கிழமை லீவு போட்டு வா. எழுதிட்டா இறங்கிடும்."

கூகுளும் அம்மாவும் சேர்ந்து அந்த மாத்திரையைக் கிட்டத்தட்டக் குப்பைக்கு அனுப்பியிருப்பார்கள். இந்த மருந்துக்கோ நேரம்தான் எல்லாமே. அன்று ராத்திரி அவளுக்குச் சொல்லிப் புரியவைப்பதற்காக நான் படித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன். தொடங்க வேண்டிய இடம் அந்தப் பெயர்.

மூன்று துண்டாக உடைத்துப் பார்க்கலாம்

அ - சைக்ளோ - விர்.

கடைசியில் இருந்து வருவோம். 'விர்' என்றால் வைரஸ் எதிர்ப்பு மருந்து. 'சைக்ளோ' என்றால் வளையம். சைக்கிள் சக்கரத்தில் இருக்கும் அதே கிரேக்கச் சொல்தான். முன்னால் நிற்கும் 'அ', இல்லை என்பதைக் குறிக்கும் கிரேக்க முன்னொட்டு. நியாயம் - அநியாயம் என்று நாம் சொல்கிற மாதிரி. ஆக, 'வளையம் இல்லாத வைரஸ் எதிர்ப்பு மருந்து'. இந்த மருந்து எப்படி வேலை செய்கிறது என்பதே அந்த இல்லாத வளையத்தில்தான் இருக்கிறது.

நம் டி.என்.ஏ.வாக இருந்தாலும் அக்கி வைரஸின் டி.என்.ஏ.வாக இருந்தாலும், அது ஒரு நீளமான ரயில் மாதிரி. ஒவ்வொரு பெட்டியிலும் வளைய வடிவில் ஒரு சர்க்கரை மூலக்கூறு இருக்கும். முன் பெட்டியோடு சேர அதில் ஒரு கொக்கி, பின்னால் வரும் பெட்டிக்கு இன்னொரு கொக்கி. வைரஸ் நம் செல்லுக்குள் புகுந்து தன்னைப் பிரதி எடுக்கும்போது இந்தப் பெட்டிகளைத்தான் ஒவ்வொன்றாகக் கோர்க்கிறது.

அசைக்ளோவிர் பார்ப்பதற்கு 'குவானோசின்' என்ற பெட்டி மாதிரியே இருக்கும். ஆனால் அதில் சர்க்கரை வளையம் முழுசாக இல்லை; உடைந்த வளையத்தின் ஒரு பகுதி மட்டும் வாலாகத் தொங்கும். முன் கொக்கி உண்டு. பின் கொக்கி கிடையாது. வைரஸ் ஏமாந்துபோய் இதை எடுத்துக் கோர்த்துவிட்டால் அவ்வளவுதான், அடுத்த பெட்டியை மாட்ட வழியில்லை. பிரதி பாதியில் நின்றுவிடும்.

அப்படியென்றால் நம் செல்களின் டி.என்.ஏ.வும் இப்படி நின்றுவிடாதா? இந்த மருந்தை நான் ரசித்தது இந்த இடத்தில்தான். உள்ளே போகும்போது அசைக்ளோவிர் தூங்கிக்கொண்டிருக்கும் மருந்து. அதை எழுப்ப முதலில் ஒரு பாஸ்பேட் ஒட்ட வேண்டும். அந்த முதல் வேலையைச் சரியாகச் செய்வது 'தைமிடின் கைனேஸ்' என்ற வைரஸின் சொந்த நொதி. நம் செல்லில் இருக்கும் நொதி இந்த மருந்தைப் பெரும்பாலும் கண்டுகொள்வதே இல்லை. அதனால் வைரஸ் புகுந்த செல்லில் மட்டும் மருந்து விழித்துக்கொள்ளும். வைரஸ் தன் கையாலேயே சுவிட்சைப் போட்டுக்கொள்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஊறுகாய் டெஸ்ட் செய்த பெண்

அமெரிக்காவின் வட கரோலினாவில் இருந்த பர்ரோஸ் வெல்கம் நிறுவனத்தில் ஹோவர்ட் ஷாஃபர் குழு உருவாக்கிய மூலக்கூறு இது. வைரஸை இது எப்படி முடக்குகிறது என்று துருவித் துருவிக் கண்டுபிடித்தது கெர்ட்ரூட் எலியனின் குழு. அப்போது இதற்குப் பெயர்கூட இல்லை, ஆய்வகக் குறியீடு மட்டும்தான்: 248யு.

எலியனைப் பற்றி ஒரு பத்தியாவது சொல்லாமல் போக மனசில்லை. 1918-இல் நியூயார்க்கில் பிறந்தவர். 15 வயதில், தாத்தா வயிற்றுப் புற்றுநோயால் இறந்ததைப் பார்த்துவிட்டு வேதியியல் பக்கம் வந்தார். படித்து முடித்த பிறகு பெண் என்பதாலேயே ஆய்வக வேலை கிடைக்கவில்லை. பள்ளியில் பாடம் எடுத்தார்; ஓர் உணவு நிறுவனத்தில் ஊறுகாயின் புளிப்பை அளந்தார். 1944-இல்தான் பர்ரோஸ் வெல்கமில் சேர்ந்தார். பிஎச்.டி. முடிக்கவே இல்லை. 1988-இல் மருத்துவத்துக்கான நோபல் பரிசு, ஜார்ஜ் ஹிட்சிங்ஸ், ஜேம்ஸ் பிளாக் இருவருடன் சேர்த்து வந்தது.

வைரஸைக் கொல்லும் மருந்து மனித செல்லையும் சேர்த்துத்தான் கொல்லும் என்று பலர் நம்பிய காலம் அது. அசைக்ளோவிர் அந்த நம்பிக்கையை உடைத்தது. 1982-இல் அமெரிக்காவில் களிம்பாக அனுமதி கிடைத்தது, மாத்திரை வடிவம் பிறகு வந்தது.

பெயர் வைப்பது யார்?

ஒரு மருந்துக்கு மூன்று பெயர்கள் இருக்கும். ஒன்று வேதிப்பெயர், வாய்க்குள் நுழையாது. இன்னொன்று கம்பெனி வைக்கும் பிராண்ட் பெயர், கம்பெனிக்குக் கம்பெனி மாறும். நடுவில் இருப்பதுதான் பொதுப்பெயர். இதை முடிவு செய்வது ஜெனீவாவில் இருக்கும் உலக சுகாதார நிறுவனம்; 1950-களில் இருந்து இந்த வேலையைச் செய்கிறது. இந்தப் பெயர் யாருக்கும் சொந்தம் கிடையாது. டோக்கியோவில் கேட்டாலும் திருநெல்வேலியில் கேட்டாலும் அதே மருந்துதான் வர வேண்டும் என்பது கணக்கு.

எழுத்துக்கும் விதி உண்டு. எல்லா மொழிக்காரர்களும் சுலபமாக எழுத வேண்டும் என்பதற்காக ஆங்கில 'ஒய்'க்குப் பதில் 'ஐ', 'பி-ஹெச்'சுக்குப் பதில் 'எஃப்' போடச் சொல்கிறார்கள். அதனால் உலகப் பெயரில் 'சி'க்குப் பின்னால் 'ஐ' இருக்கும், அமெரிக்கர்கள் மட்டும் பழைய 'ஒய்'யை விடவில்லை. அட்டையில் எழுத்து மாறியிருக்கிறதே, போலி மருந்தோ என்று பயப்பட வேண்டாம். ரெண்டும் ஒன்றுதான்.

'விர்' என்ற கடைசி எழுத்துகள் குடும்பப் பெயர் மாதிரி. அதற்கு முன்னால் வரும் துண்டு, குடும்பத்துக்குள் எந்தக் கிளை என்று சொல்லும். '-நாவிர்' என்று முடிந்தால் எச்.ஐ.வி.யின் புரோட்டியேஸ் நொதியைத் தடுப்பது (ரிடோனாவிர்). '-டெக்ராவிர்' என்றால் அதே எச்.ஐ.வி.யின் இன்டெக்ரேஸ் நொதியை (டோலுடெக்ராவிர்). '-அமிவிர்' ஃப்ளூவுக்கு (ஒசெல்டாமிவிர்). '-புவிர்' ஹெபடைடிஸ் சி-க்கு (சோஃபோஸ்புவிர்).

முன்பக்கத் துண்டில் மட்டும் கொஞ்சம் விளையாடலாம். சோஃபோஸ்புவிரில் ஒளிந்திருக்கும் 'சோஃப்', அதைக் கண்டுபிடித்த மைக்கேல் சோஃபியாவின் பெயர். கொரோனா காலத்தில் வந்த மோல்னுபிராவிரின் 'மோல்னு', தோர் வைத்திருக்கும் சுத்தியலின் பெயரான 'மியோல்னிர்'-இல் இருந்து வந்தது. மார்வெல் ரசிகர்கள் குறித்துக்கொள்ளவும்.

இந்தக் கிளைகளைத் தெரிந்துகொள்வது வெறும் ஜி.கே. இல்லை. 'விர்' என்று முடிகிற எல்லாமே எல்லா வைரஸுக்கும் வேலை செய்யாது. சளி, வைரல் காய்ச்சல், டெங்கு எதற்கும் அசைக்ளோவிர் உதவாது. எழுப்பிவிட அந்தத் தைமிடின் கைனேஸ் நொதி அங்கே இல்லை. 2021-இல் ரெம்டெசிவிர் வாங்க கீழ்ப்பாக்கம் மருத்துவக் கல்லூரி வாசலில் மக்கள் ராப்பகலாக வரிசையில் நின்றது ஞாபகம் இருக்கும். அப்போது ஒரு மருந்தின் பெயர் வீட்டுக்கு வீடு மந்திரம் மாதிரி ஒலித்தது. யாருக்கு, எந்தக் கட்டத்தில் அது பயன்படும் என்ற கேள்வி அந்த வரிசையில் காணாமல் போய்விட்டது.

அப்போ கூகுள் சொன்ன 'ஹெர்பிஸ்'?

என் ரூம்மேட் பயந்தது இதற்குத்தான். ஹெர்பிஸ் என்பது ஒரு நோயின் பெயர் மட்டும் இல்லை, ஒரு பெரிய வைரஸ் குடும்பத்தின் பெயர். 'ஊர்ந்து போவது' என்ற பொருள் தரும் கிரேக்கச் சொல்லில் இருந்து வந்தது. உதட்டோரம் வரும் புண்ணுக்கும் பிறப்புறுப்பில் வரும் புண்ணுக்கும் காரணம் அந்தக் குடும்பத்தின் சிம்ப்ளெக்ஸ் வைரஸ்கள். அக்கிக்குக் காரணம் அதே குடும்பத்தில் வேறொரு ஆள்: சின்னம்மை வைரஸ்.

சின்னம்மை வந்து போன பிறகும் அந்த வைரஸ் உடம்பை விட்டுப் போவதில்லை. முதுகெலும்பை ஒட்டிய நரம்பு முடிச்சுகளில் வருஷக்கணக்கில் தூங்கும். வயது ஏறும்போதோ எதிர்ப்பு சக்தி குறையும்போதோ எழுந்து, ஒரே நரம்பின் வழியாகத் தோலுக்கு வரும். அதனால்தான் உடம்பின் ஒரு பக்கம் மட்டும் பட்டை போட்ட மாதிரி கொப்புளம். இதன் மருத்துவப் பெயர் 'ஹெர்பிஸ் ஜோஸ்டர்'. ஜோஸ்டர் என்றால் கிரேக்கத்தில் இடுப்புப் பட்டை.

ஆக, அக்கி பாலியல் தொற்று இல்லை. அவளுக்கு ஏழு வயதில் வந்த அம்மைதான் 26 வயதில் திரும்ப எட்டிப் பார்த்தது. (ஒருவேளை அந்த இன்னொரு ஹெர்பிஸாகவே இருந்திருந்தாலும் மருந்தை ஒளித்துவைக்க அதில் என்ன இருக்கிறது என்று கேட்டேன். முறைத்தாள்.) கொப்புளத் தண்ணீர் பட்டால், சின்னம்மை வராதவர்களுக்குச் சின்னம்மை வரலாம். கர்ப்பிணிகளிடமும் கைக்குழந்தைகளிடமும் இருந்து கொஞ்ச நாள் தள்ளி இருக்க வேண்டும்.

அந்த 72 மணி நேரம்

மருந்து எப்படி வேலை செய்கிறது என்று புரிந்தால் அவசரமும் புரியும். அசைக்ளோவிர் வைரஸ் பிரதி எடுப்பதைத்தான் நிறுத்தும். ஏற்கெனவே எடுத்து முடித்த பிரதிகளையும், அவை நரம்பில் செய்துவிட்ட சேதத்தையும் ஒன்றும் செய்யாது. அதனால் கொப்புளம் தோன்றி 72 மணி நேரத்துக்குள் தொடங்குவதுதான் நல்லது. தாமதமானாலும் புதுக் கொப்புளங்கள் வந்துகொண்டிருந்தால் டாக்டர் தொடங்கச் சொல்லலாம். நெற்றியிலோ கண்ணைச் சுற்றியோ மூக்கு நுனியிலோ வந்தால் மணிக்கணக்கு பார்க்காமல் அன்றைக்கே கண் மருத்துவரிடம் ஓட வேண்டும், பார்வை போகும் ஆபத்து உண்டு.

கொப்புளம் எப்படியும் ரெண்டு மூணு வாரத்தில் காய்ந்துவிடும். பயப்பட வேண்டியது அதற்குப் பிறகு வரும் நரம்பு வலி. சட்டை உரசினாலே நெருப்பு பட்ட மாதிரி, சிலருக்கு மாதக்கணக்கில், வயதானவர்களில் சிலருக்கு வருஷக்கணக்கில் தொடரும்.

அம்மா சொன்ன 'அக்கி எழுதுவது' பற்றியும் சொல்லிவிடுகிறேன். மண்பாண்டம் செய்பவர்கள் காவியைக் குழைத்துக் கொப்புளத்தின் மேல் எழுதும் வழக்கம் நம் ஊர்களில் தலைமுறைகளாக உண்டு. எரியும் தோலில் ஈர மண் படும்போது குளுமையாக இருக்கும், அதைப் பொய் என்று சொல்ல மாட்டேன். ரெண்டு மூணு வாரத்தில் கொப்புளம் தானாகவே காய்வதால் எழுதியதால்தான் போனது என்று தோன்றுவதும் இயல்பு. ஆனால் நரம்புக்குள் ஓடும் வைரஸை அந்த மண் எட்டாது. திறந்த புண்ணில் மண் பட்டால் வேறு கிருமித் தொற்றும் வரலாம். செவ்வாய்க்கிழமை பஸ் பிடித்திருந்தால் 72 மணி நேரம் வழியிலேயே தீர்ந்திருக்கும்.

இன்னொரு பெயரையும் மருந்துக் கடையில் கேட்டிருப்பீர்கள்: வாலசைக்ளோவிர். 'வால்' என்பது வாலின் என்ற அமினோ அமிலத்தின் சுருக்கம். தமிழில் படித்தாலும் பொருள் கிட்டத்தட்ட சரிதான், அசைக்ளோவிருக்கு ஒட்டவைத்த வால். சாதாரண அசைக்ளோவிர் மாத்திரையில் 10 முதல் 20 சதவீதம்தான் ரத்தத்துக்குப் போய்ச் சேரும். வால் ஒட்டினால் பாதிக்கு மேல் சேரும். உள்ளே போனதும் உடம்பு வாலை வெட்டிவிடும். அக்கிக்கு அசைக்ளோவிர் என்றால் பொதுவாக ஒரு நாளைக்கு 5 வேளை, வாலசைக்ளோவிர் என்றால் 3 வேளை. எது, எவ்வளவு என்பதை டாக்டர்தான் சொல்ல வேண்டும். சிறுநீரகப் பிரச்சினை உள்ளவர்களுக்கு அளவு குறையும். எடுக்கும் நாட்களில் தண்ணீர் நிறையக் குடிக்க வேண்டும், இல்லாவிட்டால் மருந்து சிறுநீரகத்தில் படிகமாகத் தங்கக்கூடும்.

அவள் முதல் மாத்திரையைப் போட்டபோது மணி பன்னிரண்டரை. சனிக்கிழமை காலையிலிருந்து எண்ணினால் சுமார் 40 மணி நேரம். அடுத்த ஏழு நாளும் போனில் தினம் 5 அலாரம். ஒன்று சரியாக ஆபீஸ் மீட்டிங் நடுவில் அடிக்கும். புதன்கிழமை அம்மாவே கிளம்பி வந்துவிட்டார், பையில் காவிக்கட்டியோடு. கொப்புளங்கள் காய ஆரம்பித்திருந்தன. அட்டையைக் கையில் வாங்கிப் பார்த்தார்.

"என்னமோ பேரு இது?"

"அசைக்ளோவிர்மா."

"உங்க பெரியம்மாவுக்குப் போன மாசம் நெத்தியில வந்துச்சே. கண்ணு இன்னும் கலங்கலாத்தான் இருக்குன்னு சொன்னா. அவளுக்கு ஒரு போன் போடு."

போட்டோம். அடுத்த நாள் காலை பெரியம்மாவைக் கண் டாக்டரிடம் கூட்டிப்போனார்கள்.